ஊர்ப்பெயரைக் கெடுத்தது யார்?

2020 ஜூனில் தமிழக அரசு 1018 ஊர்ப்பெயர்களின் ஆங்கில எழுத்தை மாற்றி ஆணை வெளியிட்டது. சில நாட்களிலேயே திரும்பப் பெற்றுக்கொண்டது. அதற்கு முன்னும் பின்னும் நாம் கேட்டுப் பழகிய பேச்சு ஒன்றுண்டு: "வெள்ளைக்காரன் வாயில் நுழையாததால் ஊர்ப்பெயரையெல்லாம் சிதைத்துவிட்டான்." குமரி மாவட்டத்தைப் பொறுத்தவரை இது பெரும்பாலும் தவறு.

'கேப் காமரின்' என்பது குமரியைச் சொல்லத் தெரியாத ஆங்கிலேயரின் உளறல் என்கிறார்கள். கிழக்கிந்தியக் கம்பெனி தொடங்கியது 1600-ல். கிரேக்க மொழியில் எழுதப்பட்ட செங்கடல் செலவுநூல் கி.பி. முதல் நூற்றாண்டிலேயே 'கொமர்' என்று எழுதிவிட்டது. தாலமியிடம் 'கொமரியா', மார்க்கோ போலோவிடம் 'கொமரி'. போர்த்துக்கீசியர் 'கொமொரிம்' என்று எழுதினார்கள். அவர்கள் மொழியில் அழுத்தமில்லாத ஓ எழுத்து உகரமாக ஒலிக்கும், கடைசி எம் மூக்கொலியாகக் கரையும். அவர்கள் முறைப்படி வாசித்தால் நம் குமரிக்கு மிக நெருக்கமாகவே கேட்கும். ஆங்கிலேயர் அதை அவர்களிடமிருந்து வாங்கினார்கள், அவ்வளவே.

அடுத்தது தக்கலை. டி, எச், யூ என்று தொடங்கும் எழுத்தைப் பார்த்துவிட்டு 'துக்கலை என்று எழுதிவிட்டானே' என்று வருந்துகிறோம். பஸ், கப், லக் எல்லாவற்றிலும் யூ எழுத்து அகரமாகத்தானே ஒலிக்கிறது? பஞ்சாபும் அப்படி எழுதப்பட்டதுதான். மயிலாடியின் பழைய எழுத்தில் ஏ, யூ இரண்டும் சேர்ந்து வரும். 'ஆன்ட்', 'லாஃப்' என்னும் சொற்களில் வருவது போல அது ஆகாரம். 1806-ல் மிஷனரி ரிங்கல்தௌபே பணிசெய்ய வந்த ஊர் அது. நாகர்கோவிலின் முடிவில் நிற்கும் 'காயில்' ஆங்கிலேயர் வாயில் 'கொயில்'. கோயில் என்று நாமே சொல்வதற்கு இது எவ்வளவு பக்கம்! எழுதியவர்கள் கவனமாகக் கேட்டிருக்கிறார்கள். அவர்கள் விதியை விட்டு நம் விதிப்படி வாசித்ததால் வந்த குழப்பம் இது.

நம் வாயும் பெயர்களைச் சுருக்கத்தான் செய்கிறது. நாகர்கோவிலை 'நாரோயில்' ஆக்கியவர்கள் நாம். தக்கலைக்குப் பக்கத்துத் திருவிதாங்கோடு திருவிதாங்கூர் ஆனதில் ஆங்கிலேயருக்குப் பங்கில்லை. 'டிராவன்கோர்' அதற்குப் பிந்தியது. திருவனந்தபுரம் 'ட்ரிவாண்ட்ரம்' ஆனதை மட்டும் நியாயப்படுத்த என்னால் முடியாது, அது சிதைவேதான்.

ஆட்சியதிகாரத்தால் திணித்தார்கள் என்பதும் இங்கே முழுதாகப் பொருந்தாது. 1956 நவம்பர் 1-ல் அன்றைய சென்னை மாநிலத்தோடு இணைந்த இந்த மண்ணை ஆங்கிலேயர் காலத்தில் நேரடியாக ஆண்டது திருவிதாங்கூர் மன்னர் அரசு. அங்கிருந்த ஆங்கிலேயப் பிரதிநிதியான ரெசிடென்டின் செல்வாக்கு இருந்தது உண்மை. ஆனால் நாகம் ஐயா 1906-ல் அந்த அரசுக்காக எழுதிய ஸ்டேட் மானுவலிலும் நாகர்கோவிலுக்கும் குமரிமுனைக்கும் இதே எழுத்துகள்தான்.

எழுத்தை மாற்ற வேண்டுமானால் மாற்றுங்கள். மாற்றும்போது பழைய எழுத்தையும் அரசிதழில் பக்கத்திலேயே பதிவு செய்யுங்கள். பழைய நிலப்படங்களிலும் கடல் வரைபடங்களிலும் திருச்சபைப் பதிவேடுகளிலும் நம் ஊர்களைத் தேடப்போகும் பிள்ளைகளுக்கு அது தேவைப்படும்.