ஆட்டம் முடிந்த பிறகு

இணையத்தில் சதுரங்க ஆட்டம் ஒன்று முடிந்ததும் திரையில் இரண்டு வழிகள் திறக்கின்றன. ஒன்று மற்றோர் ஆட்டத்திற்கு அழைக்கிறது. மற்றொன்று முடிந்த ஆட்டத்தைத் திரும்பப் பார்க்கச் சொல்கிறது. தோற்றவருக்கு இழந்த புள்ளிகளை உடனே மீட்டுவிடும் துடிப்பு. வென்றவருக்கோ அதே வேகத்தில் இன்னொரு வெற்றியை எட்டிவிடும் ஆசை. இருவரும் முதல் வழியிலேயே செல்கின்றனர். ஒரே மாலைப்பொழுதில் மூன்று நிமிட ஆட்டங்கள் முப்பது ஆடுவோர் உண்டு. அவற்றுள் ஒன்றையேனும் திரும்பப் பார்ப்போர் அரியர். உலகின் எந்த மூலையிலிருந்தும் ஓர் எதிராளியை நொடியில் தேடித் தருவதைத்தான் இணைய விளையாட்டின் வியப்பாக நாம் பேசுகிறோம். ஆடிய ஒவ்வோர் ஆட்டத்தையும் ஒரு நகர்வும் விடாமல் அது எழுதி வைக்கிறது என்பதே அதனினும் பெரிய கொடை என்பது என் கருத்து. அக்கொடையை நாம் திறந்துகூடப் பார்ப்பதில்லை.

ஆட்டத்தை எழுதி வைப்பதற்கு மனிதர் பட்ட பாட்டை எண்ணிப் பார்த்தால் இதன் அருமை விளங்கும். அரசிக்கு இன்றுள்ள ஆற்றல் வழங்கப்பட்ட புதிய முறைப்படி ஆடப்பட்ட ஆட்டங்களுள், நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய பதிவு 1475ஆம் ஆண்டை ஒட்டியது. அது ஒரு கவிதை. ஸ்பெயின் நாட்டின் வலென்சியா நகரைச் சேர்ந்த மூன்று கவிஞர்கள் கற்றலான் மொழியில் அதனை இயற்றினர். காதலைச் சதுரங்கமாக உருவகப்படுத்திய அப்பாடலில் நகர்வுகள் செய்யுளாகவே வருகின்றன. ஓர் ஆட்டத்தைக் காப்பாற்ற அறுபத்து நான்கு பாடல்கள் தேவைப்பட்டன! பின்னர், சிரியாவின் அலெப்போ நகரில் பிறந்த பிலிப் ஸ்டம்மா 1737இல் பாரிசில் வெளியிட்ட நூலில், கட்டங்களுக்கு எழுத்தும் எண்ணும் சூட்டி நகர்வுகளைச் சுருக்கமாகக் குறித்தார். நெடுக்கு வரிசைகள் எட்டுக்கும் எட்டு எழுத்துகள், கிடைவரிசைகள் எட்டுக்கும் எட்டு எண்கள் என்னும் இன்றைய குறியீட்டு முறைக்கு அதுவே முன்னோடி. கணினிகள் படிக்கத்தக்க வகையில் ஆட்டங்களை எழுதுவதற்கான பி.ஜி.என். என்னும் பொது வடிவத்தை 1993இல் ஸ்டீவன் எட்வர்ட்ஸ் வகுத்தளித்தார். எளிய எழுத்துக் கோப்புதான் அது. ஆடியவர் யார், நாள் எது, முடிவு என்ன என்னும் தலைப்புக் குறிப்புகளும், அவற்றின்கீழ் நகர்வுகளும் இருக்கும். ஓர் ஆட்டம் முழுவதும் அரைப்பக்கத்திற்குள் அடங்கிவிடும்.

இன்று அப்பணியை நாம் செய்ய வேண்டியதே இல்லை. பிரெஞ்சு நிரலாளர் திபோ டுப்ளெசி 2010இல் தொடங்கிய லிசெஸ் என்னும் தளத்தை எடுத்துக்கொள்வோம். விளம்பரமும் கட்டணமும் இன்றி நடைபெறும் தளம் அது. அங்கே ஆடும் ஒவ்வோர் ஆட்டத்திற்கும் தனி இணைய முகவரி உண்டு. எதிராளியின் பெயர், நாள், நகர்வுகளின் எண்ணிக்கை, வெற்றி தோல்வி எனப் பலவாறு சலித்துப் பழைய ஆட்டங்களைத் தேடலாம். மொத்தமாகத் தரவிறக்கியும் கொள்ளலாம். ஒவ்வொரு நகர்வின்போதும் கடிகாரத்தில் எஞ்சியிருந்த நேரமும் பதிவாகியிருக்கும். காகிதத்தில் எழுதிய குறிப்புகளில் பெரும்பாலும் காணக் கிடைக்காத செய்தி இது.

தேடுவது எளிது. எதைத் தேடுவது என்பதுதான் பலருக்குத் தெரிவதில்லை. கடைசியாகத் தோற்ற ஆட்டத்தை மட்டும் எடுத்துப் பார்ப்பது, காய்ச்சல் வந்த ஒருநாளை மட்டும் கொண்டு உடல்நிலையைக் கணிப்பதைப் போன்றது. மாணவி ஒருத்தி தன் அண்மைத் தோல்விகள் ஐம்பதைத் திரட்டுகிறாள் என்று வைத்துக்கொள்வோம். கறுப்புக் காய்களுடன் ஆடியவை, வெள்ளைக் காய்களுடன் ஆடியவை என முதலில் அவற்றைப் பிரிக்கிறாள். பின்னர், எத்தனையாவது நகர்வில் ஆட்டம் கைவிட்டுப் போயிற்று என்று குறிக்கிறாள். அப்போது கடிகாரத்தில் எவ்வளவு நேரம் எஞ்சியிருந்தது என்பதையும் அருகில் எழுதுகிறாள். ஐம்பதில் முப்பது ஆட்டங்களில் இருபதாம் நகர்வுவரை நிலை சமமாக இருந்திருக்கலாம். தொடக்க நகர்வுகளிலேயே நேரத்தைச் செலவழித்துவிட்டு, இறுதிக்கட்டத்தில் அரை நிமிடத்துடன் அவள் திணறியிருக்கலாம். அவ்வாறாயின் அவளுக்குத் தேவை புதிய தொடக்க முறைகளைக் கற்பிக்கும் நூல் அன்று; நேரத்தைப் பங்கிடும் பழக்கம். எந்தத் தனி ஆட்டமும் இதை அவளுக்குச் சொல்லியிராது. ஐம்பதையும் ஒருங்கே வைத்துப் பார்த்ததனால்தான் அது புலப்பட்டது.

இனி, திரும்பப் பார்க்கும் முறை. இங்குத்தான் எனக்கு இன்றைய நடைமுறையோடு பெரிய மாறுபாடு உண்டு. பகுப்பாய்வுப் பொத்தானை அழுத்தியதும் ஸ்டாக்ஃபிஷ் போன்ற கணினிநிரல் நொடிகளில் தீர்ப்பு எழுதிவிடுகிறது. இந்நகர்வு நன்று, இது பிழை, இது பெரும்பிழை எனச் சொற்களாலும் நிறங்களாலும் சுட்டுகிறது. ஒரு சிப்பாயின் மதிப்பை அலகாகக் கொண்டு யார் எவ்வளவு முன்னிலையில் இருக்கிறார் என எண்ணாலும் சொல்கிறது. உலகச் சாம்பியனையும் விஞ்சும் வலிமை கொண்ட நிரல் அது. அதன் விடையில் ஐயம் கொள்ள நமக்குத் தகுதியில்லை. ஆனால் அது சொல்வது விடை மட்டுமே. அந்த நேரத்தில் நாம் என்ன எண்ணினோம், எதைக் காணத் தவறினோம், எதற்கு அஞ்சினோம் என்பது அதற்குத் தெரியாது, தெரியவும் வழியில்லை. வினாவை எழுதிப் பாராமல் விடைக்குறிப்பை மட்டும் புரட்டும் மாணவருக்குக் கணக்கு வருமா?

2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் நடந்த ஆட்டத்தை நினைத்துப் பாருங்கள். உலகச் சாம்பியன் போட்டியின் பதினான்காம் ஆட்டம் அது. சென்னையைச் சேர்ந்த குகேஷ் கறுப்புக் காய்களுடன் ஆடினார். எதிரே சாம்பியன் டிங் லிரன். 55ஆவது நகர்வில் டிங் தம் யானையைப் பின்னுக்கு இழுத்தார். யானைகளும் மந்திரிகளும் ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு, அரசர்களும் சிப்பாய்களும் மட்டுமே எஞ்சும் நிலைக்கு அது வழிவிட்டது. அந்நிலையில் கறுப்பிடம் ஒரு சிப்பாய் கூடுதல். அது போதும். சில நகர்வுகளில் ஆட்டம் முடிந்தது. ஏழரைக்கு ஆறரை என்னும் கணக்கில் குகேஷ் பதினெட்டு வயதில் உலகச் சாம்பியனானார். நேரலையில் பார்த்துக்கொண்டிருந்தோர் பலர், கணினியின் அளவுகோல் சட்டெனச் சரிந்ததைக் கொண்டுதான் பிழையை உணர்ந்தனர். ஆட்டக் குறிப்பை எடுத்துவைத்து, அளவுகோலை மூடிவிட்டு, 55ஆவது நகர்வுக்கு முந்தைய நிலையைப் பலகையில் அடுக்கிப் பாருங்கள். மந்திரிகளையும் வெட்டிக்கொள்ள முடியும் என்பதைக் கண்டுபிடிக்க நமக்கு எவ்வளவு நேரம் ஆகிறது? அந்த நேரத்தில் நடப்பதே கல்வி.

குகேஷின் பயிற்சியும் இதற்குப் பொருந்திவருகிறது. அவருடைய பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா, தொடக்க ஆண்டுகளில் அவரைக் கணினிப் பகுப்பாய்வின் துணையின்றியே வளர்த்தார் என்பது பலரும் அறிந்த செய்தி. கிராண்ட்மாஸ்டர் ஆன பிறகுதான் அவர் நிரல்களை முறையாக நாடினார். கணினி இல்லாத காலத்தில் இதே நெறியை வேறொரு வடிவில் வலியுறுத்தியவர் சோவியத் நாட்டின் மிகயில் போட்வினிக். 1948இல் உலகச் சாம்பியனான அவர், தொழிலால் மின்பொறியாளர். ஆட்டக்காரர் தம் ஆட்டங்களைத் தாமே ஆராய வேண்டும், அவ்வாராய்ச்சியை அச்சில் வெளியிட வேண்டும் என்பார் அவர். வெளியிட்டால்தான் பிறர் அதிலுள்ள குறையைச் சுட்டுவர்; சுட்டுவர் என்னும் அச்சம் இருந்தால்தான் ஆராய்ச்சி நேர்மையாக இருக்கும். தம் தோல்விகளுக்குச் சாக்குச் சொல்லும் இயல்பு மனிதருக்கு எவ்வளவு உண்டு என்பதை அறிந்தவர்போலும்!

ஆகவே நான் பரிந்துரைக்கும் வரிசை இது: முதலில் நிரலின்றி ஆட்டத்தை நாமே நடத்திப் பார்த்து, ஐயம் எழுந்த இடங்களில் அன்று எண்ணியதை இரண்டு சொற்களிலேனும் எழுத வேண்டும், அதன்பின் நிரலைத் திறக்கலாம். நாம் குறித்த இடமும் நிரல் சுட்டும் இடமும் வேறுபட்டால் அங்கே நிற்க வேண்டும். மூன்று நிமிட ஆட்டங்கள் அனைத்திற்கும் இதைச் செய்ய இயலாது, செய்யவும் வேண்டாம். வாரத்திற்கு ஒன்று போதும்.

பதிவுகளால் கற்பது மனிதர் மட்டுமன்று. கோ என்னும் கிழக்காசியப் பலகை விளையாட்டில் 2016இல் புகழ்பெற்ற ஆல்ஃபாகோ நிரலுக்கு முதற்பாடமாக அமைந்தவை, இணையத் தளம் ஒன்றில் மனிதர் ஆடிய ஆட்டங்களிலிருந்து எடுத்த ஏறத்தாழ மூன்று கோடி நிலைகள். லிசெஸ் தளமோ 2013 ஜனவரி முதலான தன் ஆட்டங்களை மாதந்தோறும் பொதுவுடைமையாக வெளியிட்டு வருகிறது. ஐந்நூறு கோடிக்கும் மேற்பட்ட ஆட்டங்கள் அங்கே யாவருக்கும் கிடைக்கின்றன. அவற்றைக் கொண்டு 2020இல் மையா என்னும் நிரல் உருவாயிற்று. மிகச்சிறந்த நகர்வைக் காண்பது அதன் நோக்கமன்று. ஒரு குறிப்பிட்ட தரத்தில் உள்ள மனிதர் என்ன ஆடுவார் என்று ஊகிப்பதே. நம் பிழைகளையே பாடமாகக் கொண்டு, நம்மைப்போலப் பிழை செய்யக் கற்ற இயந்திரம்!

இதில் மகிழ்ச்சியும் உண்டு, எச்சரிக்கையும் உண்டு. மையாவை உருவாக்கிய ஆய்வாளர்கள் 2021இல் வெளியிட்ட மற்றோர் ஆய்வில், ஒருவர் ஆடிய நூறு ஆட்டங்களைக் கொடுத்தால், ஆயிரக்கணக்கானோர் நடுவே அவரை அவருடைய நகர்வுகளைக் கொண்டே 98 விழுக்காடு துல்லியத்துடன் நிரலால் அடையாளம் காண முடிந்தது. கையெழுத்தைப்போல ஆட்டத்திற்கும் ஒரு சாயல் உண்டு என்று பழைய ஆட்டக்காரர்கள் சொல்வதை எண்கள் மெய்ப்பித்துவிட்டன. பயனர்பெயரில் தம் பெயரும் பள்ளியும் பிறந்த ஆண்டும் வராமல் பார்த்துக்கொள்வது இளையோர்க்கு இன்றியமையாதது. ஆயினும் புனைபெயர் முழுத்திரையாகாது என்பதையும் இவ்வாய்வு காட்டுகிறது. ஒருவர் எந்த நாளில், எந்த நள்ளிரவில் விழித்திருந்து ஆடினார் என்பதும் அப்பதிவில்தான் இருக்கிறது.

சதுரங்கத்தின் நற்பேறு பிற இணைய விளையாட்டுகளுக்கு வாய்க்கவில்லை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். 1998இல் வெளிவந்த ஸ்டார்கிராஃப்ட் என்னும் போர் உத்தி விளையாட்டில், 2001ஆம் ஆண்டுத் திருத்தம் ஒன்றின் வழியாக மறுபார்வைக் கோப்புகள் வந்தன. அக்கோப்பில் காணொளி இல்லை. ஆடியோர் எந்த நொடியில் எந்தக் கட்டளை இட்டனர் என்னும் பட்டியல் மட்டுமே உண்டு. விளையாட்டின் மென்பொருள் அக்கட்டளைகளை அதே வரிசையில் மீண்டும் நிறைவேற்றி ஆட்டத்தை நம் கண்முன் மறுபடி நிகழ்த்திக் காட்டும். கோப்பு மிகச் சிறியது; உத்தி மிக அழகியது. ஆனால் ஓர் இடர் உண்டு. மென்பொருளில் ஒரு படைவீரனின் வலிமையைச் சற்றே மாற்றினாலும் பழைய கட்டளைகள் புதிய உலகில் வேறு முடிவைத் தந்துவிடும். லீக் ஆஃப் லெஜெண்ட்ஸ் விளையாட்டில் புதிய திருத்தம் வந்ததும் முந்தைய திருத்தத்தில் ஆடிய ஆட்டங்களின் மறுபார்வைக் கோப்புகள் பயனற்றுப்போகின்றன. திருத்தங்களோ சில வாரங்களுக்கு ஒருமுறை வந்துகொண்டே இருக்கின்றன. 1475ஆம் ஆண்டு ஆட்டத்தை இன்று பலகையில் நடத்திப் பார்க்க முடிகிறது. சென்ற பருவத்தில் ஆடிய ஆட்டத்தைப் பார்க்க முடியவில்லை!

இது தொழில்நுட்பத்தின் தலையெழுத்து என்று சொல்லி நிறுவனங்கள் ஒதுங்கிவிட முடியாது. பழைய மென்பொருளை மறுபார்வைக்காக மட்டும் காத்து வைக்கலாம். அது செலவு மிக்கதெனில், ஆட்டத்தின் முதன்மை நிகழ்வுகளையேனும் எவரும் படிக்கத்தக்க எழுத்துக் கோப்பாகத் தரலாம். ஆட்டம் நிறுவனத்தின் உடைமையாக இருக்கலாம். அதில் செலவான மாலைப்பொழுதுகள் ஆடியவருடையவை. பன்னாட்டுச் சதுரங்கக் கூட்டமைப்பின் விதிகளின்படி, நேரடிப் போட்டிகளில் ஆட்டக்காரர் தம் கைப்பட எழுதும் குறிப்புத்தாள்கூடப் போட்டி அமைப்பாளருக்கே உரியது. இருந்தும், பல போட்டிகளில் அத்தாளின் அடியில் படியெடுக்கும் மற்றொரு தாள் இருக்கும். மேல்தாளை நடுவரிடம் கொடுத்துவிட்டு, அடித்தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு ஆட்டக்காரர் வீடு திரும்புவார். இணைய விளையாட்டுகளை நடத்துவோரிடம் நாம் கேட்பதும் அந்த அடித்தாளைத்தான்.