எலி குடித்த சாராயம்!

பீகாரில் 2016-ம் வருஷம் ஏப்ரலில் பூரண மதுவிலக்குச் செய்யப்பட்டது. அடுத்த வருஷம் மே மாதத்தில், பிடிபட்டுப் போலீஸ் ஸ்டேஷன்களில் பூட்டி வைத்திருந்த மதுவில் பெரும் பங்கை எலிகள் குடித்துத் தீர்த்துவிட்டன என்பதாகப் போலீசார் சொன்ன சேதி பத்திரிகைகளில் வெளிவந்தது. அதுவரை பிடித்த சரக்கோ 9 லட்சம் லிட்டருக்கு மேலாம்!

எலி மூடியைத் திருகுமா? முத்திரையை உடைக்குமா? குடித்ததென்றே வைத்துக்கொண்டாலும், காலிப் புட்டி எங்கே, கணக்குப் புத்தகம் எங்கே என்று கேட்பது குற்றமா?

இது சிரித்துவிட்டுப் போகிற சங்கதியல்ல. சாராய வழக்கின் உயிர் பிடிபட்ட பொருளில்தான் இருக்கிறது. சாட்சிகள் முன் அளந்து, மாதிரி எடுத்து, முத்திரையிட்டு, இரசாயனப் பரிசோதனைக்கு அனுப்பி, அது யார் யார் கை மாறிற்று என்பதை எழுதி வைத்தால்தான், கோர்ட்டுக்கு வந்த புட்டி அந்தக் குடிசையில் எடுத்த புட்டிதான் என்று நம்ப இடமுண்டு. இதில் ஒன்று தவறினாலும் பணமுள்ள வியாபாரி வக்கீல் வைத்துத் தப்புவான். கூலிக்காரனோ ஜாமீனுக்கு ஆளில்லாமல் உள்ளே கிடப்பான். இச்சட்டத்தால் பாட்னா ஹைகோர்ட்டில் ஜாமீன் மனுக்கள் குவிந்து கிடப்பதை 2021-ல் சுப்ரீம் கோர்ட் பிரதம நீதிபதி ரமணாவே எடுத்துச் சொன்னார்.

மதுவிலக்கு வேண்டாமென்று நாம் சொல்ல வரவில்லை. மாதிரி எடுத்ததும் மீதியை மாஜிஸ்திரேட் உத்தரவு பெற்று, சாட்சிகள் முன் கொட்டி அழித்து, கணக்கை ஊரறியப் போடுவதற்கு என்ன தடை? சரக்குக் குறைந்தால் ஸ்டேஷன் பொறுப்பாளரே ஜவாப் சொல்லட்டும். ஏழை சொல்லும் வார்த்தையை நம்பாத சர்க்கார், எலி மேல் போட்ட பழியை மட்டும் நம்மை நம்பச் சொல்வது எந்த ஊர் நியாயம்? தோழர்களே, யோசித்துப் பாருங்கள்!