தொலைந்த குறியீடும் தொலையாத உரிமையும்

மத்தியப் பல்கலைக்கழகமொன்றின் வரலாற்றுத் துறையில் ஆய்வு செய்யும் மாணவர் ஒருவர், விடுமுறையில் ஊருக்குச் சென்றபோது வீட்டுப் பரணிலிருந்து ஒரு அட்டைப்பெட்டியை இறக்கினார். இளங்கலைக் காலத்தில் விலை கொடுத்து வாங்கிய கணினி விளையாட்டு ஒன்று அதில் இருந்தது. குறுந்தகட்டில் ஒரு கீறல்கூட இல்லை. 999 ரூபாய்க்கான ரசீது மை மங்கிய நிலையில் மடித்து வைக்கப்பட்டிருந்தது. காலனிய இந்தியாவை வியூக விளையாட்டுகள் எவ்வாறு சித்திரிக்கின்றன என்பது அவருடைய ஆய்வேட்டின் ஓர் இயல். ஆகவே அந்தத் தகடு அவருக்கு இளமை நினைவு மட்டுமன்று, முதன்மைச் சான்றும்கூட. கணினியில் இட்டதும் நிறுவல் தொடங்கியது. அடுத்த திரையில் ஐந்தைந்து எழுத்துகளாக ஐந்து கட்டங்கள் தோன்றின. செயலாக்கக் குறியீட்டை உள்ளிடுமாறு கேட்டது கணினி. குறியீடு அச்சிடப்பட்டிருந்த கையேடு பெட்டியில் இல்லை. விளையாட்டை வெளியிட்ட நிறுவனமும் இன்று இல்லை.

பொருள் கையில் இருக்கிறது, பணம் செலுத்தியதற்குச் சான்று இருக்கிறது, எனினும் பொருளைப் பயன்படுத்த இயலவில்லை. சிறிய தொல்லை என்று ஒதுக்கிவிடக்கூடிய இந்நிகழ்வு ஒரு பெரிய வினாவைத் தன்னுள் கொண்டிருக்கிறது: அந்த 999 ரூபாய்க்கு அவர் வாங்கியது எதை?

இக்குறியீட்டின் வரலாற்றைச் சற்றே நோக்கினால் வினா கூர்மை பெறும். 1980-களின் இறுதியிலும் 1990-களின் தொடக்கத்திலும் காப்பு என்பது காகிதத்தில் இருந்தது. 1989-இல் வெளிவந்த 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா' கையேட்டின் குறிப்பிட்ட பக்கத்தில் உள்ள எழுத்தைக் கேட்டது. 1990-இல் வெளிவந்த 'மங்கி ஐலண்ட்' முதற்பாகம், பெட்டியோடு தந்த அட்டைச் சக்கரத்தைச் சுழற்றி விடை காணச் சொன்னது. அடுத்து வந்தது தகட்டு உறையிலோ கையேட்டின் பின்னட்டையிலோ அச்சிட்ட குறியீட்டு வரிசை. 1998-இல் வெளியான 'ஸ்டார்கிராஃப்ட்', 'ஹாஃப்-லைஃப்' ஆகியவை இவ்வகையின. இவ்வரிசையை ஒரு கணக்கு விதிப்படி சரிபார்க்கும் வேலையை நிறுவல் நிரலே செய்துகொண்டது. தனியாக விளையாடுவதற்கு வெளியிலிருந்து எவருடைய ஒப்புதலும் தேவைப்படவில்லை. விதி நிரலுக்குள்ளேயே இருந்ததால் அதனைப் பிரித்தறிந்து போலிக் குறியீடுகளை உருவாக்கும் சிறு நிரல்களும் விரைவில் பெருகின.

அதன் பின்னரே அதிகாரம் வாங்கியவர் மேசையிலிருந்து தொலைதூரச் சேவையகத்திற்குப் பெயர்ந்தது. 2004-இல் வெளிவந்த 'ஹாஃப்-லைஃப் 2', கடையில் தகடாக வாங்கப்பட்டிருந்தாலும் 'ஸ்டீம்' கணக்கோடு இணைந்தாக வேண்டும் என்றது. 2008-இல் 'ஸ்போர்' மூன்று முறைக்குமேல் செயலாக்க அனுமதி இல்லை என்று வரையறுத்தது; வாங்கியவர்களின் எதிர்ப்பு வலுத்தபின் அவ்வெண்ணிக்கை ஐந்தாக உயர்த்தப்பட்டது. இவ்வாறு குறியீடு ஒரே நேரத்தில் மூன்று வேடங்களைப் பூண்டது. வாங்கியதற்கான சான்று அது. பூட்டைத் திறக்கும் சாவி அது. வாங்கியவர் வாசிக்காமலே ஒப்பிய ஒப்பந்தத்தின் முத்திரையும் அதுவே. ரசீதைத் தொலைத்தவரிடமிருந்து நாற்காலியை எவரும் பறிப்பதில்லை. குறியீட்டைத் தொலைத்தவரோ மூன்றையும் ஒருசேர இழக்கிறார்.

இந்தியச் சூழலில் இதன் முரண் இன்னும் கசப்பானது. 2000-களில் விடுதி அறைகளிலும் இணைய மையங்களிலும் சுழன்ற விளையாட்டுகளில் பெரும்பங்கு திருட்டுப் படிகளே என்பதை அக்காலத்து மாணவர் எவரும் மறுக்கமாட்டார். அந்தப் படிகளில் பூட்டு முன்னரே உடைக்கப்பட்டிருந்தது, அல்லது குறியீடு ஓர் உரைக்கோப்பில் எழுதி வைக்கப்பட்டிருந்தது. இருபது ஆண்டு கழித்துத் திருட்டுப் படியை எடுப்பவருக்குத் தடை ஏதுமில்லை. முழு விலை கொடுத்தவர்தான் கட்டங்களின் முன் கைபிசைந்து நிற்கிறார். படைப்பாளிகளின் உழைப்புக்குக் காப்பு வேண்டும் என்பதில் ஐயமில்லை. சிறு குழுக்கள் பல ஆண்டு பாடுபட்டு உருவாக்கிய ஒன்று முதல் வாரத்திலேயே களவு போகும்போது ஏற்படும் இழப்பு மெய்யானது. ஆனால் அந்தக் காப்புக்குரிய தேவை பெரும்பாலும் விற்பனைக் காலத்தோடு முடிந்துவிடுகிறது. பூட்டோ நிறுவனம் கலைந்த பின்னும் வாங்கியவர்மீது மட்டும் நிலைத்து நிற்கிறது.

சட்டம் என்ன சொல்கிறது? 2004-இல் டாடா கன்சல்டன்சி சர்வீசஸ் எதிர் ஆந்திரப் பிரதேச மாநிலம் என்ற வழக்கில், ஊடகத்தில் பதிவுசெய்து சந்தையில் விற்கப்படும் ஆயத்த மென்பொருள் 'சரக்கு' என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2021-இல் இன்ஜினியரிங் அனாலிசிஸ் சென்டர் வழக்கில், இறுதிப் பயனர் மென்பொருளுக்குச் செலுத்தும் தொகை பதிப்புரிமைக்கான உரிமத்தொகை ஆகாது, பண்டத்திற்கான விலையே என்னும் நிலைப்பாட்டை அதே நீதிமன்றம் எடுத்தது. இரண்டும் வரி வழக்குகள். நுகர்வோர் உரிமையை நேரடியாகத் தீர்மானித்தவை அல்ல. எனினும் அவற்றிலிருந்து எழும் அறக்கேள்வியைத் தவிர்க்க இயலாது. வரி வாங்கும்போது பண்டமாக இருப்பது, வாங்கியவர் பயன்படுத்த முனையும்போது மட்டும் எப்போது வேண்டுமானாலும் நின்றுபோகக்கூடிய அனுமதியாக மாறுவது எங்ஙனம்?

1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு, கணினி நிரலின் படியொன்றை முறையாகக் கைக்கொண்டிருப்பவர், அது தரப்பட்ட நோக்கத்திற்காகப் பயன்படுத்தும் பொருட்டும், இழப்பு, அழிவு, சேதம் ஆகியவற்றுக்கு எதிரான தற்காலிகக் காப்பாகவும் படியெடுக்கலாம் என்கிறது. 2012 திருத்தத்தில் சேர்க்கப்பட்ட 65ஏ பிரிவு தொழில்நுட்பக் காப்பை மீறுவதைக் குற்றமாக்கினாலும், உரிமையை மீறும் நோக்கத்தோடு செய்வதையே குற்றம் என்கிறது. சட்டம் வெளிப்படையாகத் தடுக்காத நோக்கத்திற்காகச் செய்வதற்கு விலக்கும் தருகிறது. அதற்கு உதவுபவர், யாருக்கு, எதற்காக உதவினார் என்ற முழுப் பதிவைப் பேண வேண்டும் என்பது நிபந்தனை. நோக்கத்தை எடைபோடும் இந்த அணுகுமுறை போற்றத்தக்கது. ஆயினும் பரணிலிருந்து பெட்டியை இறக்கிய மாணவருக்கு அது எந்த அலுவலகத்தின் கதவையும் திறந்துவிடவில்லை. உரிமை ஏட்டில் இருக்கிறது, அதைச் செயல்படுத்தும் நிறுவன ஏற்பாடு இல்லை.

பிற நாடுகளில் இவ்வினா தெருவுக்கு வந்துவிட்டது. 2014-இல் யூபிசாஃப்ட் வெளியிட்ட 'தி க்ரூ' என்னும் பந்தய விளையாட்டின் சேவையகங்கள் 2024 மார்ச் 31-ஆம் நாள் நிறுத்தப்பட்டன. விலை கொடுத்து வாங்கியவர்களிடம் இயங்காத தகடு மட்டுமே எஞ்சியது. அதை அடுத்து எழுந்த இயக்கத்தின் தொடர்ச்சியாக, ஐரோப்பியக் குடிமக்கள் முன்னெடுப்பு ஒன்று 2025 ஜூலையில் 10 லட்சம் கையொப்பங்களைத் தாண்டியது. கலிபோர்னியா மாநிலம் 2024-இல் இயற்றிய சட்டமொன்று, உரிமம் மட்டுமே தரும் மின்னணுப் பண்டத்தை அவ்வுண்மையைத் தெளிவாக அறிவிக்காமல் 'வாங்குக' என்ற சொல்லால் விற்பதைத் தடுக்கிறது. ஒரு வினைச்சொல்லின் பொருளுக்காகச் சட்டம் இயற்ற நேர்ந்தது என்பதே நிலைமையின் தீவிரத்தைக் காட்டும்.

ஆய்வுலகத்தினர் இதை விளையாட்டுப் பிரியர்களின் வழக்கு என்று கருதி விலகி நிற்பது பிழை. பழைய விளையாட்டு வேண்டுமென்றால் புதிய பதிப்பை வாங்கிக்கொள்ளலாமே என்று வினவுவோர் உண்டு. ஏட்டுச்சுவடிகளின் பாடவேறுபாடுகளுக்காக ஆண்டுகளைச் செலவிட்ட மரபில் வந்தவர்கள் அப்படிக் கேட்கலாகாது. 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 3' என்னும் வியூக விளையாட்டின் ஆசிய விரிவாக்கம் 2007-இல் வெளிவந்தது. 1857 கிளர்ச்சியை ஒட்டிய இந்தியப் படலம் அதில் உண்டு. 2020-இல் வந்த அவ்விளையாட்டின் திருத்திய பதிப்பில் அமெரிக்கத் தொல்குடிகளின் சித்திரிப்பு மாற்றப்பட்டது. 'இரோக்வாய்', 'சூ' என்ற பெயர்கள் நீங்கி 'ஹோடெனோஷோனி', 'லகோட்டா' என்ற அம்மக்களின் சொந்தப் பெயர்கள் இடம்பெற்றன. மாற்றம் நியாயமானதே. ஆனால் அந்த நியாயத்தை ஆராய வேண்டுமானால் முன்பு என்ன இருந்தது என்பதும் தெரிந்தாக வேண்டும். திருந்திய பதிப்பு மட்டுமே கிடைக்கும் உலகில், எது திருத்தப்பட்டது என்ற வரலாறே மறைந்துபோகும். அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று வணிகச் சந்தையில் கிடைப்பதில்லை என 2023-இல் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் வெளியிட்ட ஆய்வு காட்டியது. அமெரிக்காவின் நிலையே இதுவாயின், இத்துறையில் தொகுப்பு முயற்சி வேரூன்றாத இந்தியாவின் நிலையை விளக்கத் தேவையில்லை.

குறியீடு கிடைத்தாலும் சிக்கல் முற்றிலும் தீர்வதில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். பழைய தகடுகள் பல 'சேஃப்டிஸ்க்' என்ற காப்பு முறையைச் சார்ந்தவை. 2015-இல் வந்த விண்டோஸ் 10 அதற்கு ஆதரவளிக்கவில்லை. ஆக, சரியான குறியீட்டை உள்ளிட்ட பின்னும் அசல் தகடு இயங்க மறுக்கலாம். சாவி, பூட்டு, கதவு மூன்றும் வெவ்வேறு வேகத்தில் மூப்படைகின்றன.

செய்யத்தக்கவை எவை? தனிமனிதர் அளவில் சில எளியன. கையேட்டின் பின்னட்டை, தகட்டு உறையின் உட்புறம், பழைய மின்னஞ்சல், வாங்கிய கடையின் இணையக் கணக்கு ஆகியவற்றை முதலில் தேடலாம். விளையாட்டு முன்பு நிறுவப்பட்டிருந்த கணினியின் வன்தட்டு எஞ்சியிருந்தால், விண்டோஸ் பதிவகத்தில் குறியீடு பதிந்திருக்கக்கூடும். குறியீட்டைக் கண்டுபிடித்துத் தருவதாகச் சொல்லும் ஊர்பேர் தெரியாத நிரல்களைப் பதிவிறக்குவது, சாவியைத் தேடப்போய் வீட்டையே திருடனிடம் ஒப்படைப்பதாகும்.

நிறுவன அளவில் செய்ய வேண்டியவையே முதன்மையானவை. பல்கலைக்கழக நூலகம் மென்பொருள் தகடொன்றை வாங்கும்போது தகட்டுக்கு மட்டும் சேர்க்கை எண் இடப்படுகிறது; அதனுடன் வந்த குறியீடு எவருடைய மேசை இழுப்பறையிலோ மறைகிறது. குறியீட்டையும் கையேட்டின் படியையும் சேர்க்கைப் பதிவேட்டிலேயே பதிவதற்குப் புதிய நிதி ஒதுக்கீடு வேண்டியதில்லை. 65ஏ பிரிவு கோரும் பதிவேட்டைப் பேணி, முறையாக வாங்கிய படியை ஆய்வுக்காக இயங்கச் செய்து தரும் பொறுப்பைக் கணினி மையங்கள் சட்ட அறிஞர்களின் வழிகாட்டுதலோடு ஏற்கலாம். 1954-ஆம் ஆண்டு நூல் வழங்கல் சட்டத்தின்படி அச்சு நூல்கள் கொல்கத்தா தேசிய நூலகத்திற்கும் சென்னை கன்னிமரா நூலகம் உள்ளிட்ட பொது நூலகங்களுக்கும் சென்று சேர்கின்றன. அச்சட்டத்தின் எல்லைக்குள் மென்பொருள் இல்லை. அதை விரிவுபடுத்தி, பூட்டற்ற படியொன்று வைப்பாகத் தரப்பட வேண்டும் என்று விதித்தால், வெளியீட்டாளர் கலைந்தாலும் படைப்பு கலையாது. விற்பனை முடிந்த விளையாட்டின் பூட்டைத் தாமே நீக்கித் தரும் கடமையையும் வெளியீட்டாளர்கள்மீது சுமத்தலாம். அது இயலாத ஒன்றன்று. 2007-இல் வெளிவந்த 'பயோஷாக்' விளையாட்டுக்கு விதிக்கப்பட்ட செயலாக்க வரம்பு அடுத்த ஆண்டே நீக்கப்பட்டது.

அந்த மாணவருக்கு ஈற்றில் குறியீடு கிடைத்தது. விடுதி நாட்களில் அத்தகட்டை இரவல் வாங்கிய நண்பர் ஒருவர், தம் கணிதக் குறிப்பேட்டின் கடைசிப் பக்கத்தில் இருபத்தைந்து எழுத்துகளையும் பென்சிலால் குறித்து வைத்திருந்தார். அந்தப் பக்கத்தின் ஒளிப்படம் கைபேசியில் வந்து சேர்ந்தது. ஓரிடத்தில் இருப்பது 'பி' எழுத்தா, எட்டா என்ற ஐயம் எழ, இரண்டையும் இட்டுப் பார்த்ததில் இரண்டாவது முயற்சியில் பூட்டுத் திறந்தது. ஆய்வேட்டின் ஓர் இயல் பிழைத்தது.

அது பிழைத்தது சட்டத்தாலோ நூலகத்தாலோ வெளியீட்டாளராலோ அன்று; ஒரு நண்பரின் பழைய குறிப்பேட்டால். அத்தகைய நண்பர் வாய்க்காத ஆய்வாளர்களுக்கு என்ன விடை வைத்திருக்கிறோம் என்பதைப் பல்கலைக்கழகங்கள்தாம் சொல்ல வேண்டும். தங்கள் துறை நூலகத்தின் தகட்டு அலமாரியைத் திறந்து, எத்தனை பெட்டிகளில் குறியீடு இன்னும் இருக்கிறது என்று எண்ணிப் பார்ப்பது அதற்கு நல்ல தொடக்கமாக அமையும்.