வசனத்திற்கு முந்திய நகை

தமிழ்த் திரைப்பட ஆய்வுகள் பெரும்பாலும் வசனத்தையும் பாடலையும் சான்றாகக் கொண்டு, 1931இல் வெளிவந்த 'காளிதாஸ்' படத்திலிருந்தே தொடங்குகின்றன. பேசாப்படத்தின் நகைச்சுவை இதனால் விடுபடுகிறது. 1905இல் சாமிக்கண்ணு வின்சென்ட், டுபாண்ட் என்னும் பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியும் படச்சுருள்களும் வாங்கி ஊர்தோறும் காட்டினார். 1914இல் கோவையில் வெரைட்டி ஹாலை நிறுவினார். அந்நாளில் இந்தியாவிற்கு மிகுதியாகப் படம் அனுப்பியது பிரான்சின் பாத்தே நிறுவனம். 1905இல் அங்கு நடிக்கத் தொடங்கிய மாக்ஸ் லிண்டர், காதலியைக் கவர முயன்று இடர்ப்படும் கனவானாக நகைப்பூட்டினார். சொல்லற்ற இந்நகையை ஆராயத் தொல்காப்பிய மெய்ப்பாட்டியலே தக்க கருவி. எள்ளலையும் பேதைமையையும் நகையின் நிலைக்களன்களுள் வைத்தது அது. அக்கருவியுடன் அவிநாசிபாளையம் போன்ற கொங்குச் சிற்றூர்களுக்குச் சென்று, முதியோர் வழிவழியாகக் கேட்டறிந்த கூடாரப்படக் காட்சி நினைவுகளைத் திரட்டுதல் வேண்டும். காலந்தாழ்ப்பின், அச்சேறிய வசனம் மட்டுமே வரலாறாக எஞ்சும்.