பால்மாவுக்குப் பூட்டு

கிளிநொச்சியில் உட்கிராமம் ஒன்றின் பலசரக்குக் கடைக்கு அண்மையில் போயிருந்தேன். பால்மா பக்கற்றுகள் கண்ணாடி அலுமாரிக்குள் வைத்துப் பூட்டப்பட்டிருந்தன. சம்போ, சவர அலகு, முகக் கிறீம் எல்லாம் அதற்குள்தான். அரிசி, மா மூட்டைகள் மட்டும் வெளியே இருந்தன. "அதை ஆர் தம்பி தூக்கிக்கொண்டு போறது?" என்று சிரித்தார் கடைக்கார அக்கா. கணவரை 2009 இல் இழந்தவர். மீள்குடியேறிய பிறகு வாழ்வாதாரக் கடன் எடுத்துத் தொடங்கிய கடை அது.

கடையில் ஒரு சவர்க்காரமோ ஒரு பால்மாவோ களவு போனால் அதைப் பெரிய விடயமாக நாங்கள் எடுப்பதில்லை. அக்கா எனக்குக் கணக்குக் காட்டினார். 400 கிராம் பால்மா ஒன்றின் கொள்விலை 1,000 ரூபாவை ஒட்டி வருகிறது. விற்றால் அவருக்கு நிற்பது 40 ரூபா. ஒரு பக்கற் களவு போனால் அந்த முதலை எடுக்க இன்னும் 25 பக்கற் விற்க வேண்டும். அந்தக் கடையில் அது இரண்டு கிழமை வியாபாரம். விலையைக் கூட்டி ஈடுசெய்யவும் வழியில்லை. பக்கற்றில் அச்சிட்ட விலைக்கு மேல் விற்றால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபை வழக்குப் போடும். கடன் தவணைக்கு வருகிறவரோ களவு போன கதையைக் கேட்கமாட்டார்.

பெரிய அங்காடிகள் இந்த நட்டத்தைத் தாங்கும் என்று நினைக்கிறோம். நகரத்துக் கடையொன்றில் வேலை செய்த பிள்ளை ஒருத்தி சொன்னது வேறு. இருப்பில் குறைந்த பொருட்களின் பெறுமதியை, வேலை செய்தவர்களின் சம்பளத்தில் பிரித்து வெட்டினார்களாம். எடுத்தவர் யாரோ, கட்டியவள் அவள்.

முன்பு எங்கள் ஊர்க் கடைகளில் வாங்க வந்தவர் மேசைக்கு இந்தப் பக்கம்தான் நிற்பார். கேட்டதை முதலாளி எடுத்துத் தருவார். பொருளாதாரத் தடைக்குள் சவர்க்காரத்துக்கும் பற்றறிக்கும் அலைந்த காலத்தில், தட்டில் கைவைத்துப் பொருள் எடுக்கும் கடை வன்னியில் நினைத்தும் பார்க்க முடியாதது. போர் முடிந்து ஏ9 வீதியால் சாமான் தாராளமாக வரத் தொடங்கிய பிறகுதான் தாமே எடுத்துக் கூடையில் போடும் முறை கிராமம் வரை வந்தது. கைக்கு எட்டும் தூரத்தில் பொருள் இருக்கிறது. வாங்கக் காசு இல்லை.

அக்காவைக் கேட்டால் 2022 தான் திருப்பம் என்கிறார். அந்த ஆண்டு செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி உணவுப் பணவீக்கம் 94.9 சதவீதமாக இருந்தது. மொத்த வியாபாரிகள் கையில் காசு இல்லாமல் சாமான் இறக்கமாட்டோம் என்றார்கள். அவர் கடன் கொப்பியை மூடினார். பொருட்கள் காணாமல் போனது அதற்குப் பிறகுதான் என்பது அவர் அனுபவம். முழுதாக ஏற்கத் தயக்கமாக இருந்தாலும் நான் அதைத் தட்டிக்கழிக்கமாட்டேன். இன்னொரு வகைக் களவும் இருக்கிறது. மோட்டார் சைக்கிளில் இருவர் வருவார்கள். ஒருவர் உள்ளறையில் இருக்கும் சாமானைக் கேட்பார். அக்கா திரும்புவதற்குள் மற்றவர் சிகரெட் பெட்டிகளோடு போய்விடுவார். இது வறுமை இல்லை. இதையும், ஒரு தாய் பால்மாவைச் சீலைக்குள் மறைப்பதையும் ஒரே சொல்லால் அழைப்பதுதான் எங்கள் பிழை.

சட்டத்தில் இரண்டும் களவுதான். தண்டனைச் சட்டக்கோவையின் 367 ஆவது பிரிவின்படி மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது தண்டம், அல்லது இரண்டும். பிடித்தவரை உடனே பொலிஸிடம் ஒப்படைக்க வேண்டும். அடிக்கும் உரிமை யாருக்கும் இல்லை. 2023 இல் பொரலஸ்கமுவவில் அங்காடி ஊழியர்கள் ஒரு பெண்ணைத் தாக்கிய காணொளி பரவியபோது, கைதானவர்கள் அந்த ஊழியர்கள்தான். எங்கள் பக்கத்தில் கைக்குப் பதிலாக முகநூல். பாடசாலைச் சீருடையில் ஒரு பிள்ளையின் கமராக் காட்சியை ஒருவர் பதிவிட்டிருந்ததைக் கண்டேன். சீருடையிலிருந்து பாடசாலை தெரியும், பாடசாலையிலிருந்து ஊர் தெரியும். அந்தப் பிள்ளை எடுத்தது ஒரு சிறிய கிறீம்.

பொலிஸுக்குப் போகலாம்தானே என்று அக்காவைக் கேட்டேன். "போனால் அண்டைக்குக் கடை பூட்டு. பிறகு கோட்டுக்கு அலையோணும். பிடிச்ச சாமானும் வழக்கு முடியும்வரை அங்கைதான்."

அப்போ பிடித்தால் என்ன செய்வீர்கள்?

"ஒண்டும் சொல்லமாட்டன். பழைய கொப்பியிலை அவையின்ரை பேரிலை கடனா எழுதிப்போட்டு, ரெண்டு நாள் கழிச்சு வீட்டை போய், அண்டைக்குக் காசு தர மறந்திட்டியள் எண்டு கேப்பன். மூண்டு பேர் தந்திட்டினம். ஒராள் இப்ப கடைப்பக்கமே வாறேல்லை."