சாட்பாட்டுக்கும் பூட்டு வேண்டும்

டெலிகிராமில் சாட்பாட் உருவாக்குவோருக்கு 'பாட்ஃபாதர்' கணக்கு ஒரு டோக்கனைத் தருகிறது. எண்களும் எழுத்துகளும் கலந்த நீண்ட சரம் அது. அதற்கு மேல் கடவுச்சொல் இல்லை, ஓடிபி இல்லை, காலாவதித் தேதியும் இல்லை. டோக்கன் யாரிடம் இருக்கிறதோ, சாட்பாட் அவர் சொன்னபடி ஆடும். அதன் பெயரில் மோசடி இணைப்புகளை அனுப்பலாம். பயனர்கள் நம்பி அனுப்பும் புதிய செய்திகளைப் படிக்கலாம்.

இவ்வளவு அதிகாரம் கொண்ட சரத்தைப் பலர் நிரலுக்குள்ளேயே எழுதி, நிரல் பகிரும் தளமான கிட்ஹப்பில் பொதுவெளியில் ஏற்றிவிடுகிறார்கள். அதைத் தேடிப் பொறுக்கவே தானியங்கி நிரல்கள் சுற்றுகின்றன. இன்னொரு அரட்டைத் தளமான டிஸ்கார்டின் டோக்கன் அப்படி வெளியானால், கிட்ஹப் கண்டறிந்து டிஸ்கார்டுக்குத் தெரிவிக்கிறது. நல்ல ஏற்பாடுதான். ஆனால் திருடன் முந்திக்கொள்ள மாட்டான் என்பதற்கு என்ன உத்தரவாதம்?

இதைவிடப் பாதுகாப்பான வழிகள் உண்டு. 1988இல் பிறந்த ஐஆர்சி என்ற பழைய இணைய அரட்டை முறையில்கூட, லிபரா சாட் போன்ற சேவைகளில் கடவுச்சொல்லுக்குப் பதில் டிஜிட்டல் சான்றிதழைக் காட்டிச் சாட்பாட் உள்நுழையலாம். அலுவலக அரட்டைச் செயலியான ஸ்லாக்கில் 12 மணி நேரத்தில் காலாவதியாகும் டோக்கனைக் கேட்டுப் பெறலாம். கேட்பவருக்கு மட்டும் கிடைக்கும் இந்தப் பாதுகாப்பை எல்லா நிறுவனங்களும் கட்டாயமாக்க வேண்டும்.

அதுவரை பொறுப்பு உருவாக்குபவருடையது. டோக்கன் கசிந்ததாகச் சந்தேகம் எழுந்தால் கோப்பை அழித்துவிட்டு நிம்மதியடையாதீர்கள். பழைய பதிப்புகளைச் சேமித்து வைக்கும் கிட் வரலாற்றில் அது அப்படியே இருக்கும். பாட்ஃபாதரிடம் 'ரிவோக்' கட்டளை கொடுத்து அன்றே புதிய டோக்கன் பெறுங்கள்.