விகிதம் தப்பினால் கம்ப்யூட்டர் சொல்லாது

கம்ப்யூட்டர் எதற்காக வாங்கினீர்கள் என்று கேட்டால், "பிள்ளைகள் படிப்புக்காக" என்றுதான் பலரும் சொல்கிறார்கள். நல்ல நோக்கம்தான். ஆனால் அது எந்த இடத்தில் உதவும், எந்த இடத்தில் கைவிடும் என்பதையும் பிள்ளைகளுக்கு முதலிலேயே சொல்லிவிட வேண்டும்.

என் சித்தி மகள் பிளஸ் ஒன் படிக்கிறாள். 16.4 கிராம் கால்சியம் நைட்ரேட்டில் எத்தனை ஆக்சிஜன் அணுக்கள் உள்ளன என்பது வீட்டுப்பாடம். மோல் நிறை 164 என்று கேள்வியிலேயே கொடுத்திருந்தார்கள். புதுக் கம்ப்யூட்டரில் எக்ஸெல்லைத் திறந்து கணக்கைப் போட்டாள். 1.8066இ+23 என்று விடை வந்தது. "இ என்று வருகிறதே, எரரா அக்கா?" என்று போன் செய்தாள்.

அந்த 'இ' எரர் அல்ல. மிகப் பெரிய எண்களை எக்ஸெல் இப்படித்தான் சுருக்கிக் காட்டும். 1.8066-ஐ 10²³ ஆல் பெருக்க வேண்டும் என்று பொருள். உண்மையான தவறு வேறு இடத்தில் இருந்தது. அதை எக்ஸெல் காட்டவே இல்லை.

கால்சியம் நைட்ரேட்டின் வாய்ப்பாட்டில் முதலில் ஒரு கால்சியம். அடுத்து, அடைப்புக்குறிக்குள் ஒரு நைட்ரஜன், மூன்று ஆக்சிஜன். அடைப்புக்குறிக்கு வெளியே, கீழே சிறியதாக ஒரு 2. அந்த 2 உள்ளே இருக்கும் அனைத்தையும் பெருக்கும். எனவே விகிதம் 1:2:6. இவளோ ஆக்சிஜனுக்கு 3 என்று எடுத்துக்கொண்டாள்.

நான்கு பங்கு அரிசிக்கு ஒரு பங்கு உளுந்து என்றால், படியால் அளந்தாலும் டம்ளரால் அளந்தாலும் அதே விகிதம்தான். அணுக்களும் அப்படியே. ஒரு மோல் என்பது 6.022 × 10²³ என்ற எண்ணிக்கை. 2019-ல் இது 6.02214076 × 10²³ என்று துல்லியமாக நிர்ணயிக்கப்பட்டது. 16.4-ஐ 164-ஆல் வகுத்தால் 0.1 மோல். அதில் ஆக்சிஜன் 0.6 மோல். சரியான விடை 3.6132 × 10²³. அவளுக்கு வந்தது அதில் சரியாகப் பாதி.

பார்முலாவைத் தப்பாக டைப் செய்தால் எக்ஸெல் பெரும்பாலும் எச்சரிக்கும். விகிதத்தைத் தப்பாகக் கொடுத்தால் அதையே கச்சிதமாகப் பெருக்கித் தரும். எங்கள் சாப்ட்வேர் தொழிலிலும் இதே கதைதான். பாதியில் நின்றுபோகும் புரோகிராமைச் சரிசெய்வது சுலபம். சத்தமில்லாமல் தப்பான விடை தரும் புரோகிராம்தான் தூக்கத்தைக் கெடுக்கும்.

எனவே விகிதத்தை முதலில் பேப்பரில் எழுதட்டும். சரிபார்க்க மட்டும் கம்ப்யூட்டரைப் பயன்படுத்தட்டும். வழி இதோ:

முதல் வரிசையைத் தலைப்புகளுக்கு விட்டுவிடுங்கள். ஏ காலத்தில் தனிமங்களின் பெயர்கள். பி காலத்தில் விகிதம்: 1, 2, 6. சி காலத்தில் அணு நிறை: 40, 14, 16. டி2 செல்லில் சமக்குறி இட்டு, பி2-வைக் கிளிக் செய்து, நட்சத்திரக் குறி இட்டு, சி2-வைக் கிளிக் செய்து என்டர் தட்டுங்கள். அதை டி4 வரை இழுத்துவிட்டு, அடியில் ஆட்டோசம் கொடுங்கள். 164 வந்தால் விகிதம் சரி. ஆக்சிஜனுக்கு 3 என்று போட்டிருந்தால் 116தான் வரும். தப்பு உடனே பிடிபடும். எக்ஸெல் இல்லாதவர்கள் இலவசமாகக் கிடைக்கும் லிப்ரேஆபீஸ் கால்க்கில் இதைச் செய்யலாம்.

கேள்வியைச் செல்போனில் படம் எடுத்தாலே விடை தரும் செயலிகள் இருக்கும்போது இவ்வளவு சிரமம் எதற்கு என்று கேட்கலாம். அந்த விடை சரியா என்று பார்க்கவும் 1:2:6 தெரிந்திருக்க வேண்டுமே! தேர்வு அறைக்குள் செல்போன் வராது. பேப்பரில் எழுதிப் பழகிய விகிதம் வரும்.

என் தங்கை இப்போது கம்ப்யூட்டரை ஆன் செய்வதற்கு முன் பென்சிலைத் தேடுகிறாள். உங்கள் வீட்டிலும் கீபோர்டுக்குப் பக்கத்தில் ஒரு பென்சிலும் பேப்பரும் வைத்துப் பாருங்கள்.